ராஜி ஆயாச்சு, வழக்கை முடிப்பது எப்படி?

பங்காளித் தகராறில் கைகலப்பு. எஃப்.ஐ.ஆர். பதிவாகிறது. இரண்டு மாதம் போனதும் ஊர்ப் பெரியவர்கள் கூடிப் பேசி, மருத்துவச் செலவை வாங்கிக் கொடுத்து, இரு வீட்டாரையும் சேர்த்துவைக்கிறார்கள். புகார்தாரர் ஸ்டேஷனுக்குப் போய், "எங்களுக்குள் சமாதானம் ஆகிவிட்டது, கேஸை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்" என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருகிறார். அத்தோடு முடிந்தது என்று எல்லோரும் வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். ஒன்றரை வருடம் கழித்து சம்மன் வருகிறது. "அதான் பேசி முடிச்சாச்சே" என்று அதைக் கண்டுகொள்ளாமல் விட்டால், அடுத்து வருவது பிடிவாரண்ட்.

எஃப்.ஐ.ஆர். பதிவான நிமிடமே வழக்கு அரசுடையதாகிவிடுகிறது. புகார்தாரர் அதில் ஒரு சாட்சி, அவ்வளவுதான். தன்னுடையதல்லாத வழக்கை அவர் வாபஸ் வாங்க முடியாது. ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்த தாள் வழக்குக் கோப்புக்குள் போகும், குற்றப்பத்திரிகையைத் தடுக்காது. எழுதிக் கொடுத்து முடிக்கக்கூடிய கட்டம் ஒன்று இருக்கிறது. புகாரை வாங்கி சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் கொடுத்து, எஃப்.ஐ.ஆர். இன்னும் போடாமல் இருக்கும் கட்டம் அது. அப்போது இரு தரப்பும் எழுதிக் கொடுத்தால் மனுவை முடித்துவிடுவார்கள். அதைத் தாண்டிவிட்டால் வழக்கை முடிக்க நீதிமன்றத்தால் மட்டுமே ஆகும். எந்த நீதிமன்றம் என்பதை எஃப்.ஐ.ஆரில் உள்ள சட்டப்பிரிவு எண்கள் சொல்லும்.

முதலில் பிரிவு எண்களைப் படியுங்கள்

சமரசப் பேச்சு தொடங்கும் முன்பே எஃப்.ஐ.ஆர். நகலைக் கையில் எடுங்கள். தமிழ்நாடு காவல்துறை இணையதளத்தில் மாவட்டம், காவல் நிலையம், குற்ற எண், வருடம் கொடுத்தால் பெரும்பாலான எஃப்.ஐ.ஆர்.கள் கிடைக்கும். பாலியல் குற்றம் போன்ற வழக்குகளை அங்கே ஏற்றமாட்டார்கள். குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டதா என்றும் பாருங்கள். தாக்கலாகியிருந்தால் எஃப்.ஐ.ஆரில் உள்ள பிரிவுகளைக் கணக்கில் எடுக்கக் கூடாது. குற்றப்பத்திரிகையில் உள்ளவையே கணக்கு. இரண்டும் ஒன்றாக இருக்கும் என்று நம்பிவிடாதீர்கள். காயச் சான்றிதழில் எலும்பு முறிவு என்று வந்திருந்தால், 324 (ஆயுதத்தால் காயம்) என்று போட்ட வழக்கு 326 (ஆயுதத்தால் கொடுங்காயம்) ஆகியிருக்கும்.

எந்தக் குற்றத்தைப் பாதிக்கப்பட்டவரே ராஜி செய்துகொள்ளலாம் என்பதற்கு சட்டத்தில் ஓர் அட்டவணை இருக்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது 320-வது பிரிவு. அதற்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 359-வது பிரிவு. அட்டவணைக்கு இரண்டு பகுதிகள். முதல் பகுதியில் உள்ள குற்றங்களுக்குக் கோர்ட்டின் அனுமதி வேண்டாம், தெரிவித்தால் போதும். இரண்டாம் பகுதிக்கு அனுமதி வேண்டும். இரண்டிலும் இல்லாத குற்றத்தை எந்த மாஜிஸ்திரேட்டும் ராஜியில் முடிக்க முடியாது. அவருக்கு மனம் இருந்தாலும் அதிகாரம் இல்லை.

இப்போது நம் ஊர் அடிதடி வழக்கின் வழக்கமான வரியைப் பாருங்கள்: 341, 294(பி), 323, 324, 506. தமிழ்நாட்டில் தெருச் சண்டை என்றால் இந்த எண்கள் ஏறக்குறைய அச்சடித்தது போல வரும். இதில் வழிமறித்தல் (341), சாதாரணக் காயம் (323), மிரட்டல் (506) ஆகியவை ராஜிக்குரியவை. பொது இடத்தில் ஆபாசமாகத் திட்டியதற்கான 294(பி) அட்டவணையில் இல்லை. ஆயுதத்தால் காயம் விளைவித்ததற்கான 324, ஒரு காலத்தில் அட்டவணையில் இருந்தது. 2009-ல் வந்த திருத்தத்துக்குப் பிறகு இல்லை. ஆக, மூன்று பிரிவுகள் ராஜிக்கு ஒத்துவந்தாலும் இந்த இரண்டும் வழக்கைப் பிடித்து வைத்துக்கொள்ளும். இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பி.என்.எஸ். சட்டத்தில் இதே எண்கள் 126(2), 296(பி), 115(2), 118(1), 351 என்று மாறி வரும். எண்தான் புதிது, சிக்கல் பழையதே.

வேறு சில முக்கியமான எண்களையும் சொல்லிவிடுகிறோம். கொடுங்காயம் 325, இன்று 117(2): அனுமதியோடு ராஜி ஆகலாம். மோசடி 420, இன்று 318(4): அனுமதியோடு ஆகலாம். நம்பிக்கை மோசடி 406, இன்று 316(2): அதுவும் அப்படியே. சாதாரணத் திருட்டு 379, இன்று 303(2): ராஜிக்குரியது. கணவர் வீட்டார் கொடுமை 498ஏ, இன்று 85: ஆகாது. வரதட்சணைத் தடைச் சட்டத்தின் 4-வது பிரிவு: ஆகாது. கலகக் கூட்டம் 147, 148: ஆகாது. தமிழ்நாடு பெண்கள் வன்கொடுமைத் தடைச் சட்டத்தின் 4-வது பிரிவும், பொதுச் சொத்து சேதத் தடைச் சட்டத்தின் 3-வது பிரிவும் ஆகாது. கடைசி இரண்டும் சண்டை வழக்குகளில் கூடவே ஒட்டிக்கொண்டு வருபவை. கதவு உடைந்தது, பைக் கண்ணாடி நொறுங்கியது என்று புகாரில் ஒரு வரி இருந்தால் பொதுச் சொத்துச் சட்டம் ஏறிவிடும்; அது தனியார் பைக்காக இருந்தாலும்தான்.

எல்லாப் பிரிவும் ராஜிக்குரியதாக இருந்தால்

இதுதான் சுலபமான வழி. வழக்கு நிலுவையில் உள்ள மாஜிஸ்திரேட் கோர்ட்டில் ராஜி மனு போட்டால் போதும். மனுவில் கையெழுத்துப் போட வேண்டியவர் புகார் கொடுத்தவர் அல்ல; அட்டவணையின் மூன்றாவது கட்டத்தில் சொல்லப்பட்டவர். காய வழக்கென்றால் காயம்பட்டவர், திருட்டென்றால் பொருளின் சொந்தக்காரர், மோசடியென்றால் ஏமாற்றப்பட்டவர். அண்ணன் அடிபட்டு ஆஸ்பத்திரியில் கிடக்க, தம்பி புகார் கொடுத்திருப்பார். தம்பி மட்டும் கையெழுத்துப் போட்ட ராஜி மனு செல்லாது. காயம்பட்டவர்கள் மூன்று பேர் என்றால் மூன்று பேரும் வர வேண்டும். பாதிக்கப்பட்டவர் 18 வயதுக்குக் கீழ் என்றால் காப்பாளர் கோர்ட் அனுமதியோடு ராஜி செய்யலாம். இறந்துவிட்டிருந்தால் அவருடைய சட்டப்பூர்வ வாரிசு, அதுவும் அனுமதியோடு.

ராஜி ஏற்கப்பட்டால் அதன் விளைவு விடுதலை. வழக்கு விசாரணைக்காக செஷன்ஸ் கோர்ட்டுக்கு அனுப்பப்பட்டுவிட்டாலோ, தண்டனை வந்து மேல்முறையீடு நடந்தாலோ, அந்தந்தக் கோர்ட்டின் அனுமதி வேண்டும். முன் தண்டனை காரணமாகக் கூடுதல் தண்டனைக்கு உள்ளாகக்கூடியவருக்கு ராஜி கிடையாது.

மக்கள் நீதிமன்றத்துக்கும் (லோக் அதாலத்) இதே எல்லைதான். லோக் அதாலத்தில் எதையும் முடித்துவிடலாம் என்று ஓர் எண்ணம் இருக்கிறது. ராஜிக்குரியதல்லாத குற்றத்தை எடுக்க அதற்கு அதிகாரம் இல்லை. 1987-ம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டமே அப்படித்தான் சொல்கிறது.

செக் வழக்கு

காசோலை திரும்பிய வழக்கு (138) தனி ரகம். மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 147-வது பிரிவே அதை ராஜிக்குரியதாக்கி வைத்திருக்கிறது. எந்தக் கட்டத்திலும் முடிக்கலாம், ஆனால் தாமதத்துக்கு விலை உண்டு. 2010-ல் உச்ச நீதிமன்றம் வகுத்த விகிதத்தை 2025 செப்டம்பரில் மாற்றியமைத்தது. குற்றம்சாட்டப்பட்டவர் தரப்புச் சாட்சியம் பதிவாகும் முன் பணத்தைக் கட்டினால் கூடுதல் செலவுத்தொகை இல்லாமல் முடிக்கலாம். அதற்குப் பிறகு, தீர்ப்புக்கு முன் என்றால் காசோலைத் தொகையில் 5 சதவீதம். செஷன்ஸ் அல்லது உயர் நீதிமன்றத்தில் 7.5 சதவீதம். உச்ச நீதிமன்றம் வரை இழுத்தால் 10 சதவீதம். இந்தத் தொகை சட்டப் பணிகள் ஆணைக்குழு போன்ற அமைப்புக்குப் போகும், எதிர்த் தரப்புக்கு அல்ல.

பணம் தவணையில் வருவதாக இருந்தால், வாங்க வேண்டியவருக்கு எங்கள் யோசனை: மாஜிஸ்திரேட் முன் வெறும் ராஜி மனுவாக முடிக்காமல் லோக் அதாலத்துக்கு அனுப்பச் சொல்லிக் கேளுங்கள். அங்கே பதிவாகும் தீர்வு சிவில் கோர்ட் தீர்ப்பாணைக்குச் (டிகிரி) சமம் என்று 2011-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தவணை தவறினால் நேரே நிறைவேற்று மனு போடலாம்.

ராஜிக்குரியதல்லாத ஒரு பிரிவாவது இருந்தால்: உயர் நீதிமன்றம்

294(பி), 324, 498ஏ போன்ற ஏதேனும் ஒன்று இருந்தால் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டியதுதான். பழைய நடைமுறைச் சட்டத்தில் 482-வது பிரிவு, புதியதில் 528. உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம் என்பார்கள். இங்கே நடப்பது ராஜி அல்ல, ரத்து. இரண்டும் வேறு என்பதை 2012-ல் கியான் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு தெளிவாக்கியது: அட்டவணையில் இல்லாத குற்றமாக இருந்தாலும், அடிப்படையில் தனிப்பட்ட தகராறாக இருந்து, இரு தரப்பும் தீர்த்துக்கொண்டிருந்தால், வழக்கை நீட்டிப்பது வீண் என்று கருதி உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம். செய்யலாம் என்பதுதான் அதிகாரம், செய்தே தீர வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

எங்கே ரத்தாகாது? கொலை, வன்புணர்ச்சி, கூட்டுக்கொள்ளை, லஞ்ச ஊழல். தற்கொலைக்குத் தூண்டிய வழக்கில் இறந்தவரின் உறவினர் சமரசம் செய்துகொண்டாலும் ஆகாது என்று 2022-ல் தீர்ப்பு வந்தது. சிறுமியிடம் அத்துமீறிய ஆசிரியர் மீதான வழக்கை, சிறுமியின் தந்தையோடு செய்துகொண்ட சமரசத்தை ஏற்று உயர் நீதிமன்றம் ஒன்று ரத்து செய்தது. அந்த உத்தரவை 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. போக்சோ வழக்கில் "பேசி முடிச்சுக்கலாம்" என்று யார் சொன்னாலும் விலகி நில்லுங்கள். அந்தப் பேச்சே புது வழக்காகலாம்.

கொலை முயற்சி (307, இன்று 109) இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. பிரிவு எண்ணை மட்டும் வைத்து முடிவு செய்ய வேண்டாம், காயம் எங்கே, ஆயுதம் என்ன என்று பாருங்கள் என்றது 2014-ம் ஆண்டு நரிந்தர் சிங் தீர்ப்பு. தலையிலோ வயிற்றிலோ அரிவாள் வெட்டு என்றால் நம்பிக்கை குறைவு. கையில் சிராய்ப்பு, பெயருக்குத்தான் 307 என்றால் வாய்ப்பு உண்டு. எப்போது போகிறீர்கள் என்பதையும் அந்தத் தீர்ப்பு பேசுகிறது. புலன்விசாரணை நடக்கும்போது வந்தால் தாராளம் காட்டலாம். குற்றச்சாட்டு வனைந்து சாட்சி விசாரணை தொடங்காத கட்டத்திலும் சாதகமாகப் பார்க்கலாம். சாட்சியம் எல்லாம் முடிந்து வாதத்துக்கு நிற்கும்போது வந்தால் பொதுவாக ஒதுங்கிவிட வேண்டும். எனவே சமரசம் ஆன வாரமே வக்கீலைப் பாருங்கள்.

பட்டியல் சாதி, பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்குகளிலும், உண்மையில் சிவில் தகராறுதான், சாதியைக் காரணமாக வைத்து நடந்தது அல்ல என்று நீதிமன்றம் திருப்தியடைந்தால் ரத்து செய்யலாம் என்று 2021-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பாதிக்கப்பட்டவர் மிரட்டப்படவில்லை என்பதை அங்கே நீதிபதி இன்னும் உன்னிப்பாகப் பார்ப்பார், பார்க்கவும் வேண்டும்.

மனுவைத் தயாரிப்பது

கன்னியாகுமரி, திருநெல்வேலி, தென்காசி, தூத்துக்குடி, விருதுநகர், மதுரை, தேனி, திண்டுக்கல், ராமநாதபுரம், சிவகங்கை, புதுக்கோட்டை, தஞ்சாவூர், திருச்சி, கரூர் மாவட்டத்து வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும். மற்றவை சென்னைக்கு. தஞ்சாவூர் மதுரைக்கு, பக்கத்து நாகப்பட்டினம் சென்னைக்கு என்பது பலருக்கும் அங்கே போய்ச் சேர்ந்த பிறகுதான் தெரிகிறது.

மனுவின் பெயர் கிரிமினல் ஓ.பி. மனுதாரர்கள் குற்றம்சாட்டப்பட்டவர்கள். முதல் எதிர்மனுதாரர் அரசு, அதாவது அந்தக் காவல் நிலைய ஆய்வாளர். இரண்டாம் எதிர்மனுதாரர் புகார்தாரர். காயம்பட்ட மற்றவர்கள் இருந்தால் 3, 4 என்று அவர்களையும் சேருங்கள். இதை விட்டுவிட்டு, "காயம்பட்டவர் எங்கே?" என்று நீதிபதி கேட்டதும் திரும்பிப் போய்த் திருத்தம் செய்துவருவது சர்வசாதாரணம்.

குற்றம்சாட்டப்பட்டவர்கள் அனைவரும் ஒரே மனுவில் சேர்வது நல்லது. ஐந்து பேரில் நான்கு பேர் மட்டும் மனு போட்டால் நான்கு பேருக்கு மட்டுமே ரத்தாகும். ஐந்தாமவர் வெளிநாட்டில் இருக்கிறார் என்று விட்டுவைத்தால், அவர் ஊர் திரும்பும்போது வழக்கு காத்திருக்கும். அதைவிடப் பெரிய கோளாறு எதிர்வழக்கு. இரு தரப்பும் ஒருவர்மேல் ஒருவர் புகார் கொடுத்து இரண்டு குற்ற எண்கள் இருக்கும். சமரசம் ஒன்றுதான், மனு இரண்டு. இரண்டையும் ஒரே நாளில் தாக்கல் செய்து, ஒன்றாகவே விசாரணைப் பட்டியலில் வரச் செய்ய வேண்டும். ஒரு வழக்கு ரத்தாகி மற்றது ஆறு மாதம் கழிந்து நின்றால், இடைப்பட்ட நேரத்தில் யாராவது ஒருவருக்கு மனம் மாறும்.

மனுவோடு வைக்க வேண்டியவை: எஃப்.ஐ.ஆர். நகல், தாக்கலாகியிருந்தால் குற்றப்பத்திரிகையும் சி.சி. எண்ணும் (மாஜிஸ்திரேட் கோர்ட்டின் வழக்கு எண்), காயச் சான்றிதழ், கூட்டுச் சமரச மனு, புகார்தாரரின் பிரமாண வாக்குமூலம், இரு தரப்பினரின் ஆதார் அல்லது வாக்காளர் அட்டை நகல். புகார்தாரருக்குத் தனி வக்கீல் இருக்கட்டும். இரண்டு பக்கத்துக்கும் ஒருவரே ஏற்பாடு செய்து கையெழுத்து வாங்கினார் என்ற நிழல் விழுந்தாலே நீதிபதியின் முகம் மாறிவிடும்.

கூட்டுச் சமரச மனு எப்படி இருக்க வேண்டும்? "இரு தரப்பும் சமாதானமாகிவிட்டோம்" என்ற ஒற்றை வரி போதாது. இப்படி எழுதலாம்:

"மனுதாரர்களும் 2-ம் எதிர்மனுதாரரும் அடுத்தடுத்த வீட்டில் வசிக்கும் உறவினர்கள். நடைபாதை தொடர்பாக எழுந்த வாய்த்தகராறு கைகலப்பில் முடிந்ததில் மேற்படி வழக்கு பதிவானது. 2-ம் எதிர்மனுதாரரின் இடது முன்கையில் ஏற்பட்ட காயம் முழுமையாகக் குணமாகிவிட்டது. மருத்துவச் செலவுக்காக ரூ.75,000-ஐ ........ வங்கியின் ........ எண்ணுள்ள டி.டி. வழியாக ........ தேதியில் அவர் பெற்றுக்கொண்டார். நடைபாதையை இரு தரப்பும் பயன்படுத்துவதென முடிவாகியுள்ளது. யாருடைய மிரட்டலும் வற்புறுத்தலும் இல்லாமல், சொந்த விருப்பத்தில், ........ காவல் நிலையக் குற்ற எண் ........-ல் மேல்நடவடிக்கைகளை ரத்து செய்ய அவருக்கு ஆட்சேபணை இல்லை."

தகராறின் வேர், காயத்தின் இன்றைய நிலை, பணம் கைமாறிய விதம், சொந்த விருப்பம் ஆகிய நான்கும் இருப்பதைக் கவனியுங்கள். ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்து வேண்டும். கைநாட்டு என்றால், படித்துக் காட்டி ஒப்புக்கொண்டார் என்று வக்கீல் குறிப்பெழுத வேண்டும். எழுதியதும் எழுதப் படிக்கத் தெரிந்தவர் ஒருவரை அழைத்து, குற்ற எண்ணும் வருடமும் எஃப்.ஐ.ஆரோடு ஒத்துப்போகிறதா என்று விரல் வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள். எண்ணில் ஓர் இலக்கம் பிசகினால், நடப்பில் உள்ள வழக்கு அப்படியே இருக்கும். இல்லாத வழக்கு ரத்தாகும்.

முத்திரைத்தாளில் ஒப்பந்தம் எழுதிக்கொண்டால் போதாதா என்று கேட்பார்கள். போதாது என்பது மட்டுமல்ல, ஆபத்தும் கூட. குற்ற வழக்கைக் கைவிடுவதாக வாக்குக் கொடுத்துப் பணம் பெறும் ஒப்பந்தம் செல்லாது என்பதற்கு, இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 23-வது பிரிவே கொள்ளை வழக்கை எடுத்துக்காட்டாகத் தருகிறது. ராஜிக்குரியதல்லாத குற்றத்தை மறைக்கப் பணம் வாங்குவது தனிக் குற்றமாகவும் ஆகலாம். பணம் நீதிமன்றத்தின் பார்வைக்கு உட்பட்டு, சமரச மனுவில் எழுதப்பட்டுக் கைமாறுவதே பாதுகாப்பு.

பணமும் கையெழுத்தும்: யார் முதலில்?

சமரசங்கள் உடைவது பெரும்பாலும் இங்கேதான். முழுப் பணத்தையும் முன்னாலேயே கொடுத்துவிட்டால் புகார்தாரர் கோர்ட்டுக்கு வர மறுக்கிறார், அல்லது இன்னும் கொஞ்சம் கேட்கிறார். பணம் வராமலே கையெழுத்துப் போட்டால் எதிர்த் தரப்பு கைவிரிக்கிறது. இரண்டுக்கும் மருந்து ஒன்றே: தவணையைக் கோர்ட் தேதிகளோடு கட்டிவிடுங்கள்.

498ஏ வழக்குகளில் இதற்கு ஒரு பழகிய வடிவம் உண்டு. ஜீவனாம்சத் தொகையை மூன்றாகப் பிரித்து, பரஸ்பர விவாகரத்து மனு தாக்கலாகும் நாளில் ஒரு பங்கு, இரண்டாம் கட்ட வாக்குமூலத்தின்போது ஒரு பங்கு, உயர் நீதிமன்றத்தில் ரத்து மனு விசாரணைக்கு வரும் நாளில் கடைசிப் பங்கு. கடைசி டி.டி.யை நீதிபதி முன்னிலையில் கொடுத்து, எண்ணும் தேதியும் உத்தரவில் பதிவாகும்படி கேட்டுக்கொள்ளுங்கள். நகை, பாத்திரம், சான்றிதழ்கள் திருப்பித் தருவதைப் பட்டியலிட்டு, பெற்றுக்கொண்டதற்குத் தனிக் கையெழுத்து வாங்குங்கள். "சீர்வரிசைப் பொருட்கள் அனைத்தும்" என்று மொத்தமாக எழுதினால் பிறகு கிரைண்டருக்கு ஒரு சண்டை வரும். குழந்தையின் பராமரிப்பை "இனி கேட்கமாட்டேன்" என்று தாய் எழுதிக் கொடுத்தாலும் அது குழந்தையைக் கட்டுப்படுத்தாது. கொடுக்கும் தரப்பு இதைத் தெரிந்தே தொகை பேச வேண்டும். பேச்சுவார்த்தையே நடக்கவில்லை என்றால், உயர் நீதிமன்ற வளாகத்தில் 2005 முதல் இயங்கும் தமிழ்நாடு சமரச மையத்துக்கு அனுப்பும்படி கேட்கலாம். அங்கே எழுதப்படும் ஒப்பந்தம் வழக்குக் கோப்போடு சேர்வதால், பின்னால் மறுப்பது கடினம்.

ரொக்கம் வேண்டாம். "கொடுத்தேன்", "வாங்கலை" என்ற வாதத்துக்கு ரொக்கத்தைப் போல உரம் வேறில்லை.

விசாரணை நாள்

முதல் நாள் அரசுத் தரப்பில் குற்றவியல் அரசு வழக்கறிஞர் நோட்டீஸ் பெற்றுக்கொண்டு, ஸ்டேஷனிலிருந்து விவரம் கேட்பார். சமரசம் உண்மையா, குற்றம்சாட்டப்பட்டவர் மேல் வேறு வழக்குகள் உண்டா, ரவுடிப் பட்டியலில் பெயர் இருக்கிறதா என்பவையே அந்த விவரம். முந்தைய வழக்கு இருந்தால் மனுவிலேயே சொல்லிவிடுங்கள். அரசு வழக்கறிஞர் வாயிலிருந்து அது முதன்முதலாக வந்தால் சமரசத்தின் மேலேயே சந்தேகம் விழும்.

இரு தரப்பும் அசல் ஆதாரோடு நேரில் வர வேண்டும். இன்னார்தான் என்று அடையாளம் காட்ட ஸ்டேஷனிலிருந்து ஒரு எஸ்.ஐ. அல்லது சிறப்பு எஸ்.ஐ. வர வேண்டும். அவர் வராததால் மட்டுமே வழக்கு தள்ளிப்போவது நிறைய. விசாரணைத் தேதி தெரிந்ததும் ஸ்டேஷன் எழுத்தரிடம் வழக்கு எண்ணை எழுதிக் கொடுத்துவிட்டு வாருங்கள். விசாரணைக்கு முந்தைய நாள் மாலை இன்னொரு முறை நினைவூட்டுங்கள். புகார்தாரர் வெளிநாட்டிலோ படுக்கையிலோ இருந்தால் காணொளி வழியாக ஆஜராக முன்கூட்டியே அனுமதி கேளுங்கள்.

நீதிபதி புகார்தாரரைப் பார்த்து நேரடியாக, தமிழிலேயே கேட்பார்: "என்ன நடந்தது? காயம் ஆறிடுச்சா? பணம் வந்துச்சா? யாராவது மிரட்டினாங்களா? கேஸ் வேண்டாம்னு நீங்களே சொல்றீங்களா?" இதற்குப் பதிலாக, "வக்கீல் கையெழுத்துப் போடச் சொன்னார்" என்று வாய் தவறி வந்தால் அன்றைக்கு எதுவும் நடக்காது. சொல்லிக்கொடுத்த பதிலும் தெரிந்துவிடும். சமரசத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பதைப் புகார்தாரர் தானே சொல்லும் அளவுக்குப் புரிந்திருந்தால் போதும்.

உத்தரவில் நிபந்தனையாக ஒரு தொகையைச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கோ வேறு நற்பணிக்கோ கட்டச் சொல்லலாம். கெடு இருக்கும், ரசீதை அந்தக் கெடுவுக்குள் கோர்ட்டில் தாக்கல் செய்யுங்கள்.

இந்த மனு உயர் நீதிமன்றத்தில் கிடக்கும்போது கீழ்க் கோர்ட்டில் வாய்தா நின்றுவிடாது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் போங்கள், அல்லது நேரில் ஆஜராவதிலிருந்து விலக்கு வாங்குங்கள். "ஹைகோர்ட்டில் மனு போட்டிருக்கு" என்று வீட்டில் உட்கார்ந்தவர்களுக்குத்தான் பிடிவாரண்ட் அதிகம் வருகிறது.

சாட்சியைப் பிறழ வைத்தால் என்ன?

இப்படி ஒரு குறுக்குவழி ஊரில் புழங்குகிறது: உயர் நீதிமன்றச் செலவு எதற்கு, விசாரணையில் புகார்தாரர் "எனக்கு ஒன்றும் தெரியாது" என்று சொல்லிவிட்டால் விடுதலைதானே என்று. நாங்கள் இதைப் பரிந்துரைக்கமாட்டோம். சத்தியம் செய்து பொய் சொல்வது குற்றம், அதன் சுமை புகார்தாரர் தலையில். சாட்சி விசாரணை வரவே வருடங்கள் ஆகும். வேலைக்குப் போகும் பையன்களுக்கு இன்னொரு இடி: தமிழ்நாடு காவலர் பணி விதிகளில், சாட்சி பிறழ்ந்ததாலோ சந்தேகத்தின் பலனாலோ விடுதலையானவரும் குற்ற வழக்கில் தொடர்புடையவராகவே கருதப்படுவார். ரத்தானாலும் ராஜியானாலும், விண்ணப்பத்தில் வழக்கு பற்றிக் கேட்டிருந்தால் மறைக்காமல் எழுத வேண்டும். வழக்கைவிட, மறைத்ததற்காகவே வேலை போனவர்கள் அதிகம்.

செலவுதான் தயக்கம் என்றால் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், காவலில் இருப்பவர்கள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமலே இலவச வக்கீல் உண்டு.

உத்தரவு வந்த பிறகு

உத்தரவு இணையதளத்தில் ஏறியதைப் பார்த்ததோடு நின்றுவிடாதீர்கள். சான்றிட்ட நகலுக்கு மனு போட்டு, குறைந்தது மூன்று நகல் வாங்குங்கள். ஒன்றை மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மெமோவோடு தாக்கல் செய்து, சி.சி. எண் முடித்துவைக்கப்பட்டதை உறுதிசெய்யுங்கள். பிடிவாரண்ட் நிலுவையில் இருந்தால் அதைத் திரும்பப் பெறும் உத்தரவு ஸ்டேஷனுக்குப் போயிற்றா என்று கேளுங்கள். இரண்டாவது நகல் ஸ்டேஷனுக்கு; ஒப்புகை முத்திரை வாங்குங்கள். மூன்றாவது உங்கள் பெட்டியில்.

ஜாமீனுக்குக் கட்டிய பணம், ஜாமீன்தாரர் கொடுத்த அசல் ஆவணங்கள், பறிமுதலான பைக், செல்போன் எல்லாம் தானாகத் திரும்பி வராது. ஒவ்வொன்றுக்கும் தனி மனு. கோர்ட்டில் ஒப்படைத்த பாஸ்போர்ட்டுக்கும் அப்படியே. வெளிநாட்டில் வேலை பார்ப்பவர் மீதான 498ஏ வழக்கில் லுக் அவுட் நோட்டீஸ் போட்டிருந்தால், அதைக் கேட்ட காவல் அலுவலகமே ரத்து செய்யச் சொல்லிக் குடியேற்றத் துறைக்கு எழுத வேண்டும். உயர் நீதிமன்றம் ரத்து செய்த உத்தரவு விமான நிலையக் கணினிக்குத் தெரியாது. அந்தக் கடிதம் போன தேதியைக் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். டிக்கெட் போடுவது அதற்குப் பிறகு. பயணத்தின்போது சான்றிட்ட நகல் கைப்பையில் இருக்கட்டும், சரக்குப் பெட்டியில் வேண்டாம்.